அடித்தல் பத்தொன்பது, திருத்தல் இல்லை

9 மே 1976, ஞாயிறு

காலை ரஷ்ய வகுப்பு. என்னையும் சேர்த்து மூன்று பேர். போன வருஷம் இதே மாதம் பதினாலு பேர் இருந்தோம். பதினாலு பேருக்கு எடுத்த அதே குரலில்தான் ஆவுடையப்பன் சார் மூன்று பேருக்கும் எடுத்தார். அவர் இங்கே பாளையங்கோட்டையில் ஒரு கல்லூரியில் சரித்திர ஆசிரியர். ஞாயிறு தோறும் வீட்டு முன்னறையில் சும்மாவே ரஷ்ய மொழி சொல்லிக் கொடுக்கிறார். எங்கள் பொருநைத் திரைப்பட வட்டத்துக்குத் தலைவரும் அவர்தான். நான் செயலாளர். தலைவர் பேசுவார், செயலாளர் நாற்காலி போடுவான்.

வகுப்பு முடிந்ததும் சென்னையிலிருந்து வந்த கடிதத்தைக் காட்டினார். ஜூன் முதல் சனிக்கிழமைக்கு ஒரு சோவியத் படம் அனுப்புகிறார்களாம். 1927இல் எடுத்த ஊமைப்படம், நகைச்சுவை. புரட்சி முடிந்தபின் மாஸ்கோவில் ஒரு பெரிய வீட்டைக் கூறுபோட்டு நாற்பது குடித்தனம் வைக்கிறார்கள். அந்த வீட்டு வாசலைப் பெருக்கிக்கொண்டிருந்த காவலாளி கமிட்டித் தலைவர் ஆகிவிடுகிறான். அவன் படுத்துகிற பாடுதான் கதை.

"சிரிப்புப் படமா சார், இந்த எமர்ஜென்சிலயா?" என்றேன்.

"ஏன், சிரிக்கக் கூடாதுன்னு சட்டம் வந்திருக்கா?"

"வந்தாலும் பேப்பர்ல போட விடமாட்டானே."

சார் சிரித்தார். "நட்பு நாட்டுப் படம் தாணு. இதை நிறுத்தணும்னா டெல்லிக்காரனே ரெண்டு தடவை யோசிப்பான்."

பேப்பர் பற்றி நான் சொன்னது அதிகப்படி. மூன்றாவதாக உட்கார்ந்திருந்த பையனை எனக்கு அவ்வளவாகத் தெரியாது.

12 மே, புதன்

பதிவு அலுவலகத்தில் இன்று நாலே பத்திரங்கள். மத்தியானம் ஒரு வதந்தி. இருபத்தைந்து வருஷம் சர்வீஸ் முடித்தவர்களின் பட்டியல் எடுக்கிறார்களாம். வேண்டாதவர்களைக் கட்டாய ஓய்வில் அனுப்புவார்களாம். எனக்குப் போன மாதம்தான் இருபத்தைந்து முடிந்தது. பத்தொன்பது வயதில் நகல் எழுத்தராகச் சேர்ந்தவன். தலைமை எழுத்தர் பதவிக்கு என் பெயர் மேலே போயிருக்கிறது. மூன்று பிள்ளைகள். நான் பயப்படவில்லை. வதந்தி என்பதால் குறித்து வைக்கிறேன்.

16 மே, ஞாயிறு

வசனப் பட்டியல் தபாலில் வந்துவிட்டது. ஊமைப்படத்தில் பேச்சு கிடையாது. நடுநடுவே எழுத்து வரும். இந்தப் படத்தில் நூற்றுப் பன்னிரண்டு இடத்தில் வருகிறது, எல்லாம் ரஷ்யனில். எங்கள் வழக்கம் இதுதான்: அதைத் தமிழில் எழுதி வைத்துக்கொள்வோம். படம் ஓடும்போது எழுத்து திரையில் வந்ததும் சார் டார்ச் வெளிச்சத்தில் பார்த்து மைக்கில் வாசிப்பார். அவர் குரலுக்காகவே படம் பார்க்க வருகிறவர்கள் உண்டு.

மொழிபெயர்ப்பு சார் சொல்லச் சொல்ல நான் எழுதினேன். படத்தைப் பார்க்காமல் வசனத்தை மட்டும் எழுதுவது சுவருக்கு அந்தப் பக்கம் நடக்கிற சண்டையைக் கேட்பது மாதிரி இருக்கிறது. காவலாளி பெயர் புரோகர். அவன் வாயில் வருகிற முதல் வசனம்: "நேற்று வரை நான் இந்த வீட்டின் துடைப்பம். இன்று முதல் நானே இந்த வீடு."

சார் தொடையில் தட்டிச் சிரித்தார். நானும் சிரித்தேன். அந்த மூன்றாவது பையன் வரவில்லை.

20 மே, வியாழன்

மொழிபெயர்ப்பு முடிந்தது. புரோகருக்கு யெகோர் என்று ஒரு பழைய சிநேகிதன். அதே வீட்டில் அடுப்புக்குக் கரி போடுகிறவன். எழுதப் படிக்கத் தெரியாது. ஒருநாள் கமிட்டி அறிவிப்பில் இருக்கிற புரோகர் படத்துக்கு யாரோ கழுதைக்காது வரைந்து விடுகிறார்கள். யார் என்று தெரிந்ததை எல்லோரும் எழுதிக் கொடுக்க வேண்டும் என்று உத்தரவு. நாற்பது வீட்டிலிருந்தும் நாற்பது கடிதம் வருகிறது, ஒருவரை ஒருவர் மாட்டிவிட்டு. எழுதத் தெரியாத யெகோர் மட்டும் கொடுக்கவில்லை.

"அப்பம் அவந்தானே குத்தவாளி" என்றார் சார். "அம்பது வருசத்துக்கு முன்னாடி எடுத்திருக்கான் தாணு. அவங்க ஊர்ல, அவங்களையே பாத்துச் சிரிச்சு. நமக்கு அந்தத் தெம்பு உண்டா?"

வெளியே ரோட்டில் பஸ் போனது. அதன் முதுகில் குறைவாகப் பேசு, அதிகமாக உழை என்று சர்க்கார் வாசகம் எழுதியிருந்தது. அதைப் பார்த்து நாங்கள் சிரிக்கவில்லை.

24 மே, திங்கள்

தணிக்கை பார்க்கிற அதிகாரியிடம் நான்தான் போனேன். சர்க்கார் ஆள் போனால் சுலபம் என்று சார் சொன்னார். அதிகாரி பெயர் வரதன். சென்னைக்காரர், வந்து மூன்று மாதம்தான் ஆகிறது. மேஜை மேல் கட்டுக்கட்டாக நோட்டீஸ், நாடகக் கதை, கல்யாணப் பத்திரிகை கூட ஒன்று.

நான் கொடுத்த பட்டியலை அவர் புரட்டக்கூட இல்லை. "சோவியத் படம், நான் என்னத்த சார் பாக்கறது? வேணாம்னா அந்தப் பக்கம் தப்பு, வேணும்னா இந்தப் பக்கம் தப்பு. நீங்க கவர்மெண்ட் சர்வெண்ட்தானே. எது வேண்டாமோ நீங்களே செவப்பு மையில அடிச்சுக் கொண்டாங்க. நான் கையெழுத்துப் போட்டுடறேன்."

"நானா சார்?"

"நீங்க அடிச்சீங்கன்னு நான் யார்கிட்டயும் சொல்லப் போறதில்ல. எத்தனை வருஷம் சர்வீஸ்?"

"இருபத்தஞ்சு முடிஞ்சிருச்சு."

"அப்ப பாத்து அடிங்க" என்றார்.

25 மே, செவ்வாய்

ஆபீஸ் முடிந்து வந்து முன்னறையில் உட்கார்ந்து அடித்தேன். முதலில் ஐந்துதான் அடித்தேன். பிறகு ஆறாவதை வாசித்தால், ஐந்தை அடித்தவன் இதை ஏன் விட்டான் என்று கேள்வி வரும்போல் இருந்தது. அதையும் அடித்தேன். துடைப்பம் போயிற்று. "எல்லாம் உங்கள் நன்மைக்குத்தான், பயப்படாதீர்கள்" போயிற்று. "ஒருமனதாக நிறைவேறியது. கை தூக்காதவர்கள் பெயரைச் சொல்லவும்" போயிற்று. எழுதிக் கொடுக்காதவனே குற்றவாளி என்பதும் போயிற்று. "நம் ஆட்சியில் ரயில்கள் நேரத்துக்குக் கிளம்புகின்றன" என்று ஒன்று. அது நம் சர்க்காரும் சொல்கிற நல்ல வசனம்தானே, விட்டுவிட்டேன்.

மொத்தம் பத்தொன்பது. ஸ்கேல் வைத்துத்தான் அடித்தேன், கையால் கோடு இழுத்தால் எனக்குப் பிடிக்காது. பத்திரத்தில் செய்கிற பழக்கத்தில் ஒவ்வொரு பக்கத்துக்கும் அடியில் அடித்தல் நான்கு, திருத்தல் இல்லை. அடித்தல் ஏழு, திருத்தல் இல்லை என்று குறித்தும் வைத்தேன். கடைசிப் பக்கத்தில் மொத்தம்.

காப்பி கொண்டுவந்து வைத்த என் மனைவி செண்பகம் எட்டிப் பார்த்தாள். "என்ன, பத்திரமா?" என்றாள். ஆமாம் என்றேன். அவளுக்கு எதற்கு இந்த விவரமெல்லாம்.

பயந்து அடிக்கவில்லை. வட்டத்தைக் காப்பாற்றுகிற பொறுப்பில் அடித்தேன்.

26 மே, புதன்

வரதன் பார்க்காமலே கையெழுத்துப் போட்டார், முத்திரையும் வைத்தார். சாயங்காலம் சாரிடம் கொடுத்தேன். திண்டாடிப் போவார் என்று நினைத்தேன். பக்கம் பக்கமாக நிதானமாகப் பார்த்தார்.

"இந்த ஆள் லேசுப்பட்டவன் இல்ல தாணு. எது எது உசுரோ அதை மட்டும் பாத்து அடிச்சிருக்கான். நல்ல வாசகன்."

எனக்கு ஒரு கணம் பெருமையாக இருந்தது. வெட்கத்தை விட்டு எழுதுகிறேன்.

"அடிச்ச இடத்துல வேற ஏதாவது சொல்லிருவோமா சார்? பொதுவா ஒரு வார்த்தை?"

"என்னத்துக்கு? அவன் பேசாதேங்கான், நான் பேசலை. உத்தரவுப்படி நடந்துக்கிடுவோம்."

உண்மையைச் சொல்ல அது நல்ல சமயம். சார் மனைவி கோமதி டீச்சர் முறுக்கு கொண்டுவந்தார்கள். பேச்சு மாறிவிட்டது.

3 ஜூன், வியாழன்

படப்பெட்டி ரயில் பார்சலில் வந்து சேர்ந்தது. மூன்று டப்பா. ஆபரேட்டர் மைதீன் ஒரு கிழிசல் ஒட்டினார். கடைசிப் பிள்ளைக்குக் காய்ச்சல்.

6 ஜூன், ஞாயிறு காலை

நேற்று நடந்ததை ஒழுங்காக எழுதி வைக்க வேண்டும். கை ஓடவில்லை.

பள்ளிக்கூட ஹாலில் ஆறரைக்குப் படம். இருநூறு பேருக்கு மேல். வழக்கமாக அறுபது தாண்டாது. வரதன் மனைவியையும் மகளையும் கூட்டிக்கொண்டு வந்திருந்தார். முன்வரிசையில் நான்தான் உட்கார வைத்தேன். செண்பகமும் வந்திருந்தாள். சார் திரைக்குப் பக்கத்தில் ஸ்டூல் போட்டு டார்ச்சோடு உட்கார்ந்தார்.

படம் ஆரம்பித்தது. புரோகர் வாசலைப் பெருக்குகிறான். போகிறவர் வருகிறவர் எல்லாம் அவன் மேலேயே காலைத் துடைத்துக்கொண்டு போகிறார்கள். மறுநாள் கையில் சிவப்புத் துணி கட்டிக்கொண்டு அதே படியில் நிற்கிறான். அதே ஆட்கள் தொப்பியைக் கழற்றிக் கும்பிட்டுப் போகிறார்கள். நெஞ்சை நிமிர்த்தி வாயைத் திறக்கிறான். திரை முழுக்க ரஷ்ய எழுத்து வந்தது.

சார் பேசவில்லை. எழுத்து நிற்கிற நேரம் முழுக்க ஹாலில் புரொஜெக்டர் சத்தம் மட்டும். மைக் கெட்டுவிட்டதோ என்று சிலர் திரும்பிப் பார்த்தார்கள். அடுத்த வசனம் வந்ததும் சார் கணீரென்று வாசித்தார்: "பால் காய்ச்ச விண்ணப்பம் மூன்று பிரதிகள்." அதன்பிறகு இன்னொரு இடத்தில் பேசவில்லை. மூன்றாவது தடவை ஜனங்களுக்குப் புரிந்துவிட்டது. யாரும் யாருக்கும் சொல்லவில்லை. ஹால் முழுக்க ஒரே சமயத்தில் புரிந்தது, அதை நான் முதுகில் உணர்ந்தேன்.

கூட்டம் போடுகிற கட்டம். புரோகர் மேஜை மேல் ஏறி, விரலை ஆட்டி ஆட்டி ஏதோ முழங்குகிறான். திரையில் நாலு வரி எழுத்து. சார் வாயைத் திறக்கவில்லை. நாற்பது குடித்தனமும் எழுந்து நின்று கைதட்டுகிறது. அப்போது பின்வரிசையில் யாரோ சாவகாசமாகச் சொன்னார்:

"நல்லாச் சொன்னாவ."

ஹால் வெடித்தது. அப்படியொரு சிரிப்பை நான் கேட்டதில்லை. நாற்காலிகள் கிறீச்சிட்டன. செண்பகம் முந்தானையை வாயில் வைத்துக்கொண்டு குலுங்கினாள். அதற்குப் பிறகு சார் வாசித்த வசனங்களுக்குச் சிரிப்பு கம்மி. வாசிக்காத இடங்களுக்காகவே காத்திருந்தார்கள். நான் அடித்த ஒவ்வொரு கோட்டுக்கும் ஒரு சிரிப்பு. எனக்குத்தானே வரிசை தெரியும், அடுத்தது எப்போது வரும் என்று விரலை மடக்கி எண்ணிக்கொண்டிருந்தேன்.

நான் விட்டுவைத்த ரயில் வசனமும் காலை வாரியது. முத்திரை வாங்க ஜன்னலில் பயணிகள் வரிசையாக நிற்கிறார்கள். ஒரு ஆள் இல்லாமல் ரயில் மணியடித்தாற்போல் கிளம்பிப் போகிறது. சார் அதை ரொம்பப் பணிவாக வாசித்தார். மைதீன்கூடச் சிரித்துவிட்டார்.

யெகோர் கட்டத்தில் மட்டும் சிரிப்பு இல்லை. நாற்பது கடிதத்தையும் மேஜையில் அடுக்கிவிட்டு புரோகர் தன் சிநேகிதனைப் பார்க்கிறான். எழுத்து வருகிறது. சார் பேசவில்லை. யாரும் சிரிக்கவில்லை, இருமவில்லை. யெகோர் தன் மூட்டையை எடுத்துக்கொண்டு பனியில் இறங்கிப் போனான். என் பக்கத்தில் இருந்த பெரியவர் மூக்கை உறிஞ்சினார். கடைசியில் அவன் முதியோர் வகுப்பில் எழுதப் படித்துத் திரும்பி வந்து, கமிட்டி வீட்டுச் சுவரில் கரியால் தன் பெயரைப் பெரிதாக எழுதுகிறான். "யெகோர்" என்று சார் வாசித்தார். விளக்கு வந்தது.

வரதன் எழுந்து யாரையும் பார்க்காமல் நடந்தார். அவர் மகள் சத்தமாகக் கேட்டாள்: "அப்பா, அந்த அங்கிள் ஏன் நடுநடுவுல பேசல?"

இன்று வகுப்புக்கு நான் போகவில்லை. பிள்ளைக்குக் காய்ச்சல் இன்னும் விடவில்லை என்று சொல்லி அனுப்பினேன். காய்ச்சல் நேற்றே விட்டுவிட்டது.

7 ஜூன், திங்கள்

சாயங்காலம் சார் என் வீட்டுக்கே வந்துவிட்டார். பையில் அந்தப் பட்டியல்.

"காலையில காலேஜுக்கு ரெண்டு பேர் வந்து விசாரிச்சிட்டுப் போயிருக்காங்க. வீட்டையும் சோதனை போடுவாங்கபோல. இது ஒண்ணுதான் எனக்குச் சாட்சி. நானா நிறுத்தலை, உத்தரவுல நிறுத்தினேன்னு காட்ட வேற ஒண்ணும் கிடையாது. உங்க கிட்ட இருக்கட்டும்."

வாங்கிக்கொண்டேன். அவர் உடனே போகவில்லை. காப்பியை ஆற்றிக்கொண்டே இருந்தார்.

"ஒண்ணு கவனிச்சியளா தாணு? கோடெல்லாம் ஸ்கேல் வச்சுப் போட்டிருக்கு. எந்த ஆபீசர் ஸ்கேல் எடுத்துக் கோடு போடுவான்? கீழ வேற அடித்தல் இத்தனை, திருத்தல் இல்லைன்னு. வீடு வித்த பத்திரம் மாதிரி."

செண்பகம் அடுக்களை வாசலில் நின்றுகொண்டிருந்தாள். நான் டம்ளரைப் பார்த்தேன்.

"மெட்ராஸ்ல அப்படிப் பழக்கமா இருக்கும் சார்" என்றேன்.

சார் என்னையே கொஞ்ச நேரம் பார்த்தார். கோபமாகப் பார்த்திருந்தால் நன்றாக இருந்திருக்கும். "இருக்கும்" என்றார். செருப்பைப் போடும்போது, "பெரியவ இந்த வருசம் எஸ்.எஸ்.எல்.சி.லா? கணக்குக்கு கோமதிகிட்ட அனுப்புங்க" என்றார். போய்விட்டார்.

செண்பகம் என்னை ஒன்றும் கேட்கவில்லை. இரவு சாப்பாட்டில் உப்பு இல்லை. அப்படியே சாப்பிட்டேன்.

9 ஜூன், புதன்

வரதன் ஆள் அனுப்பினார். அறைக் கதவைச் சாத்தச் சொன்னார். முகம் வெளிறியிருந்தது. நான் மட்டும்தான் பயப்படுகிறேன் என்று நினைத்திருந்தேன்.

"மெட்ராஸ்லேர்ந்து போன் வந்துது. ஒரு ஹால் முழுக்க ஜனங்கள உக்கார வச்சு கவர்மெண்ட்டப் பாத்து சிரிக்க வச்சிருக்கீங்க. என் கையெழுத்துல. நான் கையெழுத்துப் போட்டது சுத்தமான லிஸ்ட், புரியுதா? நூத்துப் பன்னெண்டும் வாசிக்கலாம்னுதான் நான் அனுமதி குடுத்தேன். அதுக்கப்புறம் யாரோ வேணும்னே கோடு போட்டு, வேணும்னே நிறுத்தியிருக்காங்க. யாரு?"

"சார், நீங்கதான் என்னை..."

"நான் என்ன சொன்னேன்? எழுத்துல இருக்கா?"

நான் மேஜை மேல் இருந்த முத்திரையைப் பார்த்தேன்.

"கோடு நீங்க போட்டீங்கன்னா உங்களுக்கு வேலை போகும், அதோட விட்டா அதிர்ஷ்டம். உங்க வாத்தியார் போட்டாருன்னா அவருக்கு மிசா, விசாரணையே இல்லாம உள்ள. ரெண்டு பேர்ல ஒருத்தர் எழுதித் தரணும். திங்கட்கிழமை காலைல வாங்க. அந்த லிஸ்ட் எங்க?"

"தெரியாது சார்."

இது ஒன்றுதான் இன்று நான் செய்த நல்ல காரியம். அதுவும் யாருக்கு நல்லது என்று யோசித்தால் சரியாகச் சொல்ல முடியவில்லை.

10 ஜூன், வியாழன்

குற்றாலத்தில் சாரல் ஆரம்பித்துவிட்டதாம். இங்கேயும் காற்று குளிர்ந்திருக்கிறது. ஆபீசில் இரண்டு தானப் பத்திரம், ஒரு ஒத்திப் பத்திரம்.

11 ஜூன், வெள்ளி

சாரைக் கல்லூரியிலேயே வைத்துக் கூட்டிக்கொண்டு போய்விட்டார்கள். வகுப்பு நடந்துகொண்டிருக்கும்போது. சாக்பீஸ் கையோடு இறங்கிப் போனாராம். மைதீன் வந்து சொன்னார். சொல்லிவிட்டு, "வட்டத்துப் பேப்பர் ஏதாவது இருந்தா கொளுத்திடுங்க அண்ணாச்சி" என்றார்.

12 ஜூன், சனி

செண்பகத்திடம் எல்லாவற்றையும் சொல்லிவிட்டேன். அவளுக்குத் தெரிந்திருந்தது.

"அன்னைக்கு நீங்க பத்திரம்னு சொன்னப்பவே ரஷ்யாக்காரன் பேருல பத்திரமான்னு நெனச்சேன்" என்றாள். அப்புறம் அழுதாள். "வேலை போனா போட்டும்னு என்னால சொல்ல முடியல. சார் உள்ள இருக்கட்டும்னும் சொல்ல முடியல. நீங்களே முடிவு பண்ணுங்க. எது பண்ணாலும் எங்கிட்ட பொய் சொல்லாதீய."

உட்கார்ந்து வாக்குமூலம் எழுதினேன். பத்திர நடை தானாக வந்தது. "மேற்படி பட்டியலில் கண்ட பத்தொன்பது அடித்தல்களும் அதிகாரி வரதன் அவர்கள் வாய்மொழியாகச் சொன்னபடி என்னால் செய்யப்பட்டவை. இதில் ஆவுடையப்பன் அவர்களுக்கு யாதொரு பங்கும் இல்லை." எழுதி முடித்ததும் மனசு லேசானது. நான்கு நாளாக இல்லாத பசி வந்தது.

13 ஜூன், ஞாயிறு

வகுப்பு இல்லை. வகுப்பு நேரத்துக்குக் கால் தானாக அந்தத் தெருப்பக்கம் போயிற்று. கோமதி டீச்சர் வாசலில் நின்றுகொண்டிருந்தார்கள், வருகிற போகிற ஆட்களைப் பார்த்தபடி. நான் முக்குக் கடையில் வாழைப்பழம் வாங்குகிற மாதிரி திரும்பிவிட்டேன்.

நாளைக்குச் சொல்லிவிடுவேன். வாக்குமூலமும் பட்டியலும் பையில் தயாராக இருக்கின்றன. ஆபீசுக்குப் பாதி நாள் லீவு எழுதிக் கொடுத்துவிட்டேன்.

14 ஜூன், திங்கள்

எது பண்ணாலும் தன்னிடம் பொய் சொல்லக் கூடாது என்று செண்பகம் சொன்னாள். இந்த நோட்டிலும் இன்று பொய் எழுதப்போவதில்லை.

பத்து மணிக்குப் போனேன். வழியெல்லாம் மனப்பாடம் செய்தபடி. சார், கோடு அடித்தது நான். நாலே சொல். வரதன் அறையில் காக்கி உடுப்பில் ஒருத்தர் உட்கார்ந்திருந்தார். உட்காரக் கூடச் சொல்வதற்கு முன் ஆரம்பித்துவிட வேண்டும் என்று நினைத்திருந்தேன். வரதன் சிரித்த முகத்தோடு, "வாங்க, உக்காருங்க" என்றார். உட்கார்ந்தேன்.

"உங்களுக்கு வேலையே வைக்கல. உங்க வாத்தியார் எழுதிக் குடுத்துட்டார்."

ஒரு தாளை என் பக்கம் திருப்பினார். சார் கையெழுத்து. ரஷ்ய எழுத்தையும் தமிழ் எழுத்தையும் ஒரே மாதிரி சாய்த்து எழுதுவார். ஆறு வரிதான். அதிகாரி அனுமதித்த பட்டியலில் அடித்தல் ஏதும் இல்லை; அதன் பிறகு பத்தொன்பது இடங்களில் கோடு அடித்தது நான்; அது என் சொந்த முடிவு; பட்டியலை அன்றே கிழித்து எறிந்துவிட்டேன்; செயலாளருக்கோ வேறு எவருக்குமோ இது தெரியாது.

கிழித்து எறிந்ததாகச் சொன்ன பட்டியல் என் மடியில், பைக்குள் இருந்தது.

"நாங்க ஒண்ணும் அடிக்கல, மெரட்டல" என்றார் காக்கி உடுப்புக்காரர். "ரெண்டு நாள் பேசாமலே இருந்தாரு. நேத்து சாயங்காலம் அவரா பேப்பர் கேட்டாரு. வேற ஒருத்தரையும் கூப்பிட்டு வெசாரிக்கப்படாதுன்னு ஒரே ஒரு கண்டிசன்."

"அவரை... எப்பம் விடுவாங்க?" என்றேன். கேட்க வந்தது அது இல்லை.

"அதெல்லாம் எங்க கையில இல்ல" என்றார் வரதன். "ஒரு சின்ன ஃபார்மாலிட்டி பாக்கி. இது அவர் கையெழுத்துதான்னு தெரிஞ்சவங்க ஒருத்தர் சாட்சிக் கையெழுத்துப் போடணும். நீங்க ரெண்டு வருஷமா அவர்கிட்ட படிக்கறீங்க. பதிவு ஆபீஸ்காரர் வேற. உங்களைவிட யாருக்கு சார் தெரியும்?"

பேனாவை நீட்டினார். சொல்ல வேண்டிய நாலு சொல்லும் வாயில் இருந்தது. இருந்தது என்பது எனக்கு நிச்சயம் தெரியும். பேனாவை வாங்குவதற்கு எவ்வளவு நேரம் ஆகும், அவ்வளவு நேரம் எனக்கு இருந்தது. சாட்சிகள் என்று தலைப்புப் போட்டு, ஒன்று என்று எண் போட்டு, தகப்பனார் பெயர், கதவு எண், தெரு எல்லாம் எழுதிக் கையெழுத்துப் போட்டேன். ஒரு எழுத்துகூடக் கோணவில்லை. இருபத்தைந்து வருஷப் பழக்கம்.

வெளியே வந்து சைக்கிளை எடுத்தபோது எனக்கு நிம்மதியாக இருந்தது. அதை எழுதத்தான் இவ்வளவும் எழுதினேன். வெட்கமோ துக்கமோ முதலில் வரவில்லை. முதலில் வந்தது நிம்மதிதான். பாதி நாள் லீவு வீணாகிறதே என்று பதினொன்றரைக்கெல்லாம் ஆபீசுக்குப் போய்விட்டேன்.

வீட்டுக்கு வந்ததும் செண்பகம் ஓடி வந்தாள். அவள் சார் வீட்டுக்குப் போய்விட்டு அப்போதுதான் வந்திருந்தாள். எனக்கு முன்னால் செய்தி அங்கே போயிருந்தது, வேறு மாதிரி.

"காலேஜ்ல ஒருத்தர் கூட எட்டிப் பாக்கலையாம். அத்தனை பேரு படிச்சதுல ஒருத்தரு வரலையாம். சாருக்குச் சாட்சி சொல்லப் போய் நின்னது நீங்க ஒருத்தர்தான்னு ஸ்டேஷன்ல இருந்து யாரோ டீச்சர்கிட்ட சொல்லியிருக்காங்க. டீச்சர் எங் கையப் புடிச்சுக்கிட்டு அழுதாவ. உங்களுக்கு நன்றி சொல்லச் சொன்னாவ."

சொல்லிவிட்டு என் முகத்தையே பார்த்துக்கொண்டு நின்றாள். அவள் கண்ணில் சந்தோஷம். எனக்காக ஒருமுறை அவள் சந்தோஷப்பட்டு எத்தனையோ வருஷம் ஆகிறது.

"என்ன சொன்னிய அங்க?" என்றாள்.

"கேட்டதுக்குப் பதில் சொன்னேன்" என்றேன். கை கால் கழுவப் பின்பக்கம் போய்விட்டேன்.